நம் பெயர் உள்ள ஏட்டைப் படிப்பவர் யார்?

சென்ற ஆவணி மாதத்தில் நமது சங்கத்து அங்கத்தினரான மஞ்சள் விவசாயி ஒருவர் கடன் வேண்டி விண்ணப்பம் கொடுத்தார். வயது அறுபத்தெட்டு. அவருடைய தகப்பனார் 1974-ஆம் ஆண்டில் கிரயம் வாங்கிய இரண்டு ஏக்கர் பதினெட்டு சென்ட் கிணற்றுப் பாசன நிலத்தை அன்று தொட்டு இன்று வரை அக்குடும்பத்தாரே பயிரிட்டு வருகிறார்கள். இதற்கு முன்பெல்லாம் நகையை ஈடு வைத்தே அவர் கடன் பெற்று வந்தமையால் நிலத்துப் பத்திரங்களை யாரும் கேட்டதில்லை. இம்முறை தொகை பெரிது. நமது கணினி எழுத்தர் பதிவுத்துறையின் இணையதளத்தைத் திறந்து வில்லங்கம் பார்த்தார். பதினோரு மாதங்களுக்கு முன்னர் அந்நிலத்தில் எழுபத்திரண்டு சென்ட் கிரயம் ஆகியிருப்பதாக ஒரு பதிவு அதில் இருந்தது. விற்றவரைப் பெரியவருக்குத் தெரியாது, வாங்கியவரையும் தெரியாது. அவர் நெடுநேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு, "நேற்றுக்கூட அந்த மூலைக்குத்தானே தம்பி தண்ணீர் கட்டினேன்" என்று மட்டும் சொன்னார்.

நடந்தது இதுதான். நம் மாநிலத்தில் 1979 முதல் 1987 வரை நிலப் பதிவேடுகளைப் புதுப்பிக்கும் திட்டம் நடைபெற்றது. யு.டி.ஆர். என்றால் மூத்த விவசாயிகளுக்கு உடனே விளங்கும். அப்போது நேர்ந்த பிழைகள் ஊருக்கு ஊர் உண்டு. இவருடைய நிலத்தின் ஓர் உட்பிரிவு, 1974-இல் விற்றுவிட்டுப் போன பழைய உடைமையாளரின் பெயரிலேயே பட்டாவில் நின்றுவிட்டது. நாற்பது ஆண்டுகளாக இது ஒருவர் கண்ணிலும் படவில்லை. பட்டவர் ஒரு நிலத் தரகர். புறவழிச்சாலை வரப்போகிறது என்ற பேச்சைக் கேட்டு, அவ்வட்டாரத்துப் புல எண்களை ஒவ்வொன்றாக இணையத்தில் இட்டுப் பட்டாவைப் பார்த்து வந்திருக்கிறார். அனுபவத்தில் இருப்பவர் ஒருவர், பட்டாவில் இருப்பவர் வேறொருவர் என்பது தெரிந்தவுடன், அந்தப் பழைய பெயருக்கு உரியவரின் வாரிசுகளைத் தேடத் தொடங்கினார். வாக்காளர் பட்டியலில் பெயருக்கு அருகே தந்தை பெயரும் வீட்டு எண்ணும் வயதும் இருக்குமல்லவா? பாகம் பாகமாக அதைப் படித்து, இரண்டு மாவட்டங்களுக்கு அப்பால் இருந்த பேரன்மார் இருவரைக் கண்டுபிடித்தார். கைபேசி எண்ணை யாரோ எடுத்துக் கொடுத்தார்கள். தங்களுக்கு நிலம் இருப்பதே தெரியாதிருந்த அவர்கள், சொற்பத் தொகைக்குக் கையெழுத்திட்டுக் கொடுத்துவிட்டார்கள். பெரியவரின் 1974-ஆம் ஆண்டுப் பத்திரமோ இணைய வில்லங்கத்தில் வரவில்லை. அங்கே கிடைப்பது பெரும்பாலும் 1975-க்குப் பிற்பட்ட விவரமே. அதற்கு முந்தையதைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் மனுச் செய்து தேட வேண்டும்.

ஊர்ப் பெரியவர்கள் கூடி அத்தரகரை வரவழைத்துக் கேட்டபோது நானும் இருந்தேன். அவர் சிறிதும் கூசவில்லை. "நான் எந்தப் பூட்டையும் உடைக்கவில்லை, ஐயா. எல்லாம் எல்லோரும் பார்க்கக் கூடியவை. அவர் பார்க்கவில்லை, நான் பார்த்தேன்" என்றார். அன்றிரவு எனக்கு உறக்கம் வரவில்லை. அந்தக் கிரயம் செல்லாது என்று வழக்காடலாம், வழக்கும் நடக்கிறது. ஆனால் அவர் சொன்ன அந்தக் கடைசி வாக்கியத்துக்கு எதிர்வாக்கியம் எனக்கு அன்று கிடைக்கவில்லை.

ஏனெனில் அது உண்மை. 1908-ஆம் ஆண்டுப் பதிவுச் சட்டத்தின் 57-ஆவது பிரிவின்படி, அசையாச் சொத்துப் பத்திரங்கள் பதியப்படும் முதலாம் புத்தகத்தையும் அதன் அட்டவணையையும் கட்டணம் செலுத்திக் கேட்கும் எவரும் பார்வையிடலாம். உயில் பதியப்படும் மூன்றாம் புத்தகத்துக்கு அவ்வாறு இல்லை; உயில் எழுதியவர் உயிரோடிருக்கும்வரை அதன் நகல் அவருக்கோ அவருடைய முகவருக்கோ அன்றிப் பிறருக்குக் கிடைக்காது. நிலத்தின் உரிமை ஊரறிய இருக்க வேண்டும், மனத்தின் விருப்பம் மறைவாக இருக்கலாம் என்று நூற்றுப் பதினைந்து ஆண்டுகளுக்கு முன்பே வேறுபாடு கண்டிருக்கிறார்கள். நல்ல வேறுபாடுதான். ஆனால் அன்றைய திறப்பு வேறு, இன்றைய திறப்பு வேறு. அன்று ஒருவர் நம் நிலத்தின் வில்லங்கத்தைப் பார்க்க விரும்பினால் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு வர வேண்டும், மனு எழுத வேண்டும், பணம் கட்ட வேண்டும், திண்ணையில் காத்திருக்க வேண்டும். அங்கே பத்திரம் எழுதுபவர் நம் பக்கத்து ஊர்க்காரராக இருப்பார். "உன் காட்டு வில்லங்கத்தை இன்னார் வந்து கேட்டார்" என்ற செய்தி அடுத்த சந்தைக்குள் நம் காதுக்கு வந்துவிடும். ஏடு திறந்திருந்தது; பார்த்தவரின் முகமும் தெரிந்தது. இன்று ஏடு மேலும் திறந்துவிட்டது, முகம் மறைந்துவிட்டது.

இதைச் சொல்வதால் பழைய காலம் திரும்ப வேண்டும் என்று நான் கருதுவதாக எண்ண வேண்டாம். கர்ணம் துணியில் சுற்றி அக்குளில் வைத்திருந்த கட்டை அவிழ்த்து நம் பெயரை அவர் வாயால் ஒருமுறை படிக்கச் செய்ய, நம் பாட்டனார் எத்தனை நடை நடந்தார், எத்தனை படி நெல் அளந்தார் என்பதை நாம் கேள்விப்பட்டே வளர்ந்தோம். அப்பரம்பரைப் பதவி நம் மாநிலத்தில் 1980-இல் ஒழிந்தது. ஒழிந்ததற்கு வருந்தியவரை நான் கண்டதில்லை.

நமது அண்டை மாநிலமான கருநாடகத்தில் 'பூமி' என்ற பெயரால் ஒரு திட்டம் 2000-ஆம் ஆண்டில் நடைமுறைக்கு வந்தது. சுமார் 67 லட்சம் உடைமையாளர்களின் ஏறத்தாழ 2 கோடி நிலப் பதிவுகள் கணினியில் ஏற்றப்பட்டன. ரூ.15 கொடுத்தால் தாலுகா அலுவலகத்தில் நிலச்சான்று கிடைத்தது. கிராமக் கணக்கரின் தயவுக்குக் காத்திராமல் விவசாயி தன் சான்றைத் தானே பெறலாயிற்று என்று உலகெங்கும் அது பாராட்டப் பெற்றது. பாராட்டில் உண்மையும் உண்டு. ஆயினும் சாலமன் பெஞ்சமின் முதலிய ஆய்வாளர்கள் 2007-இல் வெளியிட்ட ஆய்வு இன்னொரு பக்கத்தைக் காட்டியது. பெங்களூரைச் சுற்றியுள்ள கிராமங்களில் அத்திறந்த ஏடு பெரிய நில வணிகர்களுக்கே மிகுதியும் கைகொடுத்தது என்பது அவர்கள் கண்ட முடிவு. எந்த நிலத்தில் எந்தச் சிக்கல், யாரை அணுகினால் வாங்கலாம் என்பதை ஓரிடத்தில் அமர்ந்து அறியும் வசதி அவர்களுக்குக் கிட்டியது. படிக்கத் தெரிந்தவன், வழக்கறிஞரை வைத்துக்கொள்ள வல்லவன், காத்திருக்கப் பணம் உள்ளவன் ஆகியோர்க்கு ஏடு ஆயுதமாகிறது. மற்றவர்க்கு அது சுவரில் எழுதிய எழுத்தாகவே இருக்கிறது.

ஆகவே மூடிவிடுங்கள் என்று சிலர் சொல்கிறார்கள். நமது சங்கத்து நிர்வாகக் குழுவிலேயே ஒருவர் அவ்வாறு சொன்னார். அவர்மீது எனக்கு மிகுந்த மரியாதை உண்டு. இருந்தும் இவ்விஷயத்தில் அவருடன் நான் உடன்படுவதற்கில்லை. மூடினால் யாருக்கு மூடும் என்பதைப் பார்க்க வேண்டும்.

பிரதம மந்திரி கிசான் திட்டத்தை எடுத்துக்கொள்வோம். ஆண்டுக்கு ரூ.6,000, மூன்று தவணை, 2019-இல் தொடங்கியது. 2020 ஆகஸ்டு, செப்டம்பர் மாதங்களில் நம் மாநிலத்தில் பெரும் மோசடி ஒன்று வெளியாயிற்று. அதிகாரிகளின் கடவுச்சொற்களைப் பயன்படுத்தி, தகுதியற்ற சுமார் ஐந்தரை லட்சம் பேர் சேர்க்கப்பட்டிருந்தனர், ரூ.110 கோடி அளவுக்குப் பணம் போயிருந்தது. அத்திட்டத்தின் பயனாளிகள் பட்டியல் கிராமவாரியாக இணையத்தில் உள்ளது. ஒரு குழி நிலமும் இல்லாதவன் பெயர் அதில் இருந்தால் மாவட்டத் தலைநகரில் இருப்பவருக்கு எப்படித் தெரியும்? அவ்வூரில் வாழ்கிறவனுக்கே தெரியும். ஆனால் ஊரில் வாழ்கிறவன் பார்க்கவில்லை. எங்கள் ஊர்ப் பட்டியலை நான் முதன்முதலாகத் திறந்து பார்த்தது, அம்மோசடியைப் பத்திரிகைகளில் படித்த பிறகே. இதை வெட்கத்துடன் ஒப்புக்கொள்கிறேன். அப்பட்டியலை மூடியிருந்தால் திருடனுக்கு என்ன குறைந்திருக்கும்? ஒன்றும் குறையாது.

வாக்காளர் பட்டியலும் அவ்வாறே. மேலே சொன்ன தரகர் பேரன்மாரைக் கண்டுபிடித்தது அதிலிருந்துதான். ஆனால் அதே பட்டியலை வேறு வகையிலும் பார்க்க வேண்டும். 2025-ஆம் ஆண்டில் பீகாரில் வாக்காளர் பட்டியல் தீவிரமாகத் திருத்தப்பட்டபோது வரைவுப் பட்டியலில் சுமார் 65 லட்சம் பெயர்கள் விடுபட்டன. விடுபட்ட பெயர்களை, விடுபட்ட காரணத்துடன், மாவட்ட இணையதளங்களில் வெளியிட வேண்டும். பஞ்சாயத்து அலுவலகங்களிலும் வட்டார வளர்ச்சி அலுவலகங்களிலும் ஒட்ட வேண்டும் என்று ஆகஸ்டு 14-ஆம் நாள் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. உயிரோடிருப்பவன் தன் பெயர் இறந்தவர் வரிசையில் சேர்க்கப்பட்டிருப்பதை அறிய வேறு வழி எது? அவ்வாண்டு டிசம்பர் 19-ஆம் நாள் நம் மாநிலத்து வரைவுப் பட்டியல் வந்தபோது சுமார் 97 லட்சம் பெயர்கள் அதில் இல்லை. நமது நெசவாளர் தெருவில் பாவு ஓட்டிக்கொண்டிருந்தவர்கள் அதை விட்டுவிட்டு, பள்ளியில் ஒட்டிய தாளின் முன் வரிசையில் நின்றார்கள். கைபேசியில் பார்க்கத் தெரிந்த இளைஞர் இருவர் மற்றவர்களுக்குப் பார்த்துச் சொன்னார்கள். எத்தனை பேர் அன்று நெஞ்சில் கைவைத்துப் பெருமூச்சு விட்டார்கள் என்பதைக் கண்டவர் யாரும் பட்டியலை மூடச் சொல்லார்.

இங்கே ஒரு சிறு நுட்பம். தேர்தல் ஆணையம் 2018 முதல் இப்பட்டியலைப் படமாக வெளியிடுகிறது. பெயரைத் தட்டினால் அப்பெயர் உள்ள இடங்களையெல்லாம் பொறுக்கித் தரும் எழுத்து வடிவில் வெளியிடுவதில்லை. அவ்வடிவில் வேண்டும் என்று கேட்ட மனுவை உச்ச நீதிமன்றம் அவ்வாண்டு அக்டோபரில் தள்ளிவிட்டது. லட்சம் பெயர்களை ஒரே வீச்சில் அள்ளிச் செல்வதற்கு அது தடை என்பது ஆணையத்தின் எண்ணம். போலிப் பெயர்களைக் கண்டுபிடிப்பதற்கும் அதுவே தடை என்று குறை கூறுவோரும் உண்டு. எவ்வாறாயினும், 'திறந்தது', 'மூடியது' என்று இரண்டே நிலைகள் இல்லை என்பதை இது காட்டுகிறது. ஒருவர் வந்து ஒரு பெயரைப் பார்ப்பது வேறு. மூட்டை கட்டிக்கொண்டு போவது வேறு.

இனி நான் சொல்லப்போவது எனக்கே குற்றமாக உள்ள ஒரு செய்தி. நமது சங்கத்தில் நெசவு செய்யும் அம்மையார் ஒருவரைக் கைபேசியில் ஒருவன் அழைத்தான். அவர் பெயர், கணவர் பெயர், தெரு, அங்கத்தினர் எண், எத்தனை தறி என்பது வரை பிசகாமல் சொன்னான். தறி மேம்பாட்டுக்கு மானியம் வந்திருக்கிறது, கைபேசிக்கு வரும் எண்ணைச் சொன்னால் கணக்கில் ஏறிவிடும் என்றான். அவர் சொன்னார். இரண்டு மாதக் கூலியாகச் சேர்த்து வைத்திருந்த ரூ.14,300 போயிற்று. "அத்தனையும் சரியாகச் சொன்னானே அண்ணா, சங்கத்து ஆள் என்றல்லவா நினைத்தேன்" என்று அவர் என்னிடம் அழுதபோது, அவ்விவரங்கள் எங்கிருந்து போயின என்று ஆராய்ந்தோம். கண்காட்சி ஒன்றுக்காக நூற்றெண்பது நெசவாளர்களின் விவரத்தை ஒரே தாளில் எழுதி, கைபேசிக் குழு ஒன்றில் இட்டிருந்தோம். அங்கிருந்து பல குழுக்களுக்கு அது போயிருக்கிறது. அவ்வாறு அனுப்பியவர்களில் நானும் ஒருவன். நல்லெண்ணத்தில்தான் அனுப்பினேன். பூட்டை உடைக்காமல் உள்ளே வந்தவனுக்கு நானே கதவைத் திறந்து வைத்திருக்கிறேன். இத்தகைய மோசடி நேர்ந்தவுடன் 1930 என்ற எண்ணை அழைக்க வேண்டும் என்பதைக்கூட நாங்கள் மறுநாள்தான் அறிந்தோம்; உடனே அழைத்தால் பணத்தை நடுவழியில் நிறுத்த இயலும், தாமதித்தால் அரிது.

பழைய தொலைபேசிப் புத்தகத்தில் பெயரும் முகவரியும் எண்ணும் இருந்தனவே, அப்போது என்ன கெட்டுப்போயிற்று என்று கேட்கலாம். அப்புத்தகம் தபால் நிலையத்தில் கயிற்றில் கட்டித் தொங்கியது. அதில் இருந்தவர்கள் வக்கீல், டாக்டர், மில் முதலாளி. எண்ணைக் கொண்டு அவர்கள் பெட்டியிலிருந்து பணத்தை எடுத்துவிட முடியாது. இன்று கைபேசி எண் என்பது வங்கிக் கணக்குக்கும் ரேஷன் அட்டைக்கும் பட்டாவுக்கும் சாவி. நம் எண்ணை நாம் யாரிடமும் கொடாவிட்டாலும், நம் எண்ணைத் தம் கைபேசியில் பெயருடன் எழுதி வைத்திருக்கும் உறவினர் ஒருவர் ஏதோ ஒரு செயலிக்கு அனுமதி கொடுத்தால் நம் பெயரும் எண்ணும் அதற்குள் போய்விடும். நம்மைக் கேட்பார் இல்லை.

சட்டம் என்ன செய்கிறது? அந்தரங்கம் ஓர் அடிப்படை உரிமை என்று 2017 ஆகஸ்டு 24-ஆம் நாள் ஒன்பது நீதிபதிகள் ஒருமித்துத் தீர்ப்பளித்தார்கள். அதன் தொடர்ச்சியாக 2023-இல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம் இயற்றப்பட்டது. இதைப் படித்தபோது எனக்கு விந்தையாக இருந்த இரண்டு இடங்கள் உண்டு. வேறொரு சட்டத்தின் கட்டாயத்தால் வெளியிடப்பட்ட தனிநபர் விவரத்துக்கு இச்சட்டம் பொருந்தாது என்கிறது 3-ஆவது பிரிவு. அதாவது சட்டத்தின் கட்டளையால் ஊரறியத் திறந்து வைத்த ஏட்டிலிருந்து மூட்டை மூட்டையாக அள்ளுகிறவனை இது தொடாது. மறுபுறம், இதே சட்டத்தின் 44-ஆவது பிரிவு தகவல் அறியும் உரிமைச் சட்டத்தைத் திருத்துகிறது. 2005-ஆம் ஆண்டின் அச்சட்டத்தில், பொதுக் காரியத்தோடு தொடர்பில்லாத, ஒருவரின் அந்தரங்கத்தில் காரணமின்றித் தலையிடுகிற சொந்த விவரங்களை மறுக்கலாம் என்று இருந்தது; சட்டமன்றத்துக்கு மறுக்க முடியாததைக் குடிமகனுக்கும் மறுக்கக் கூடாது என்று ஒரு காப்பு வாசகமும் இருந்தது. இப்போது, சொந்த விவரம் என்றாலே மறுக்கலாம் என்று சுருங்கிவிட்டது. இத்திருத்தம் 2025 நவம்பரில் நடைமுறைக்கு வந்தது. பொதுநலன் மிகுதி என்று கருதினால் அதிகாரி கொடுக்கலாம் என்ற வேறொரு உட்பிரிவு இன்னும் இருக்கிறது என்று அரசாங்கத்தார் விடை கூறுகின்றனர். இருக்கிறது, மெய்தான். ஆனால் மேசைக்கு அப்புறம் அமர்ந்திருப்பவர் கருத வேண்டுமே! மானிய விதையை யார் யார் பெற்றார்கள் என்று கேட்கப் போன விவசாயிக்கு, "அது சொந்த விவரம்" என்று ஒரு வரியில் விடை எழுதுவது அவருக்கு எளிதாகிவிட்டது. தரகனுக்குத் திறந்த கதவு திறந்தே இருக்க, கேள்வி கேட்கும் குடியானவனுக்குக் கதவு பாதி சாத்தப்பட்டுவிட்டது.

கூட்டுறவுச் சங்கங்களைப் பொறுத்தவரை, அரசாங்கத்தின் கணிசமான பணமோ முழுக் கட்டுப்பாடோ இல்லாத சங்கம் தகவல் உரிமைச் சட்டத்தின் கீழ் வராது என்று, கேரளத்துத் தலப்பலம் சங்க வழக்கில் 2013-இல் உச்ச நீதிமன்றம் கூறிவிட்டது. ஆகவே எதைத் திறப்பது, எதை மூடுவது என்பது பெரும்பாலும் நம் கையிலேயே இருக்கிறது. இதனாலேயே வரும் மகாசபையில் வரவிருக்கும் தீர்மானத்தைப் பற்றி இவ்வளவு நீட்டி எழுதுகிறேன்.

தீர்மானம் இது: சங்கத்துக்கென்று புதிதாக அமைக்கும் இணையப் பக்கத்தில் அங்கத்தினர் அனைவரின் பெயர், தந்தை பெயர், முகவரி, கைபேசி எண், தறி அல்லது நிலத்தின் அளவு, கடன் பாக்கி ஆகியவற்றை வெளியிடுவது. கொண்டு வந்தவர்களின் நோக்கத்தில் எனக்குச் சந்தேகமில்லை. வெளியூர்க் கடைக்காரர் நெசவாளரை நேரே அழைத்துச் சேலைக்கு ஆர்டர் கொடுக்கலாம் என்கிறார்கள். நியாயந்தான், சென்ற ஆண்டு நம் அங்கத்தினர் ஒருவர் அவ்வாறே நல்ல விலைக்கு விற்றார். பாக்கியை வெளியிட்டால் வெட்கப்பட்டாவது கட்டுவார்கள் என்றும் சொல்கிறார்கள். இதை நான் ஏற்கமாட்டேன். கடன் பாக்கியை ஊரறியச் செய்தால் முதலில் ஓடி வருபவன் சங்கத்துக்குப் பணம் கட்ட வரும் அங்கத்தினன் அல்லன். யார் இக்கட்டில் இருக்கிறான் என்று அறிந்து, கந்துவட்டிப் பணத்தை நீட்ட வருபவனே. மகள் கலியாணத்துக்கு வாங்கிய கடனைப் பெண் பார்க்க வருகிறவர் வழியிலேயே கைபேசியில் பார்த்துவிட்டு வருவார். வேண்டுமா இது?

அதே வேளையில், எல்லாம் அந்தரங்கம் என்று சங்கத்தின் கணக்கையும் மூடிவிட முயலும் கூட்டத்தாரும் நம்மிடையே உண்டு. அவர்களுக்கு இக்கட்டுரை துணை போகக் கூடாது. 2021 பிப்ரவரியில் நம் மாநிலத்தில் 16.43 லட்சம் விவசாயிகளின் ரூ.12,110 கோடி கூட்டுறவுப் பயிர்க்கடன் தள்ளுபடியாக அறிவிக்கப்பட்டது. ஒருவர் வாங்கி, தவணை தவறாமல் திருப்பிக் கட்டும் கடன் அவருக்கும் சங்கத்துக்கும் இடைப்பட்டது. அதே கடன் பொதுப் பணத்திலிருந்து தீர்க்கப்படும் அன்று அது ஊரின் காரியமாகிவிடுகிறது. யாருக்கு எவ்வளவு என்று ஊர் கேட்கலாம், கேட்க வேண்டும். நூல் மானியமும் அப்படியே. நிர்வாகக் குழுவினரும் அவர்தம் நெருங்கிய உறவினரும் பெற்ற கடன் எவ்வளவு என்பதும் அப்படியே. பதவி வேண்டும் என்று வந்தவர் அதற்குக் கூச்சப்படலாகாது. தணிக்கை அறிக்கை முழுவதும் இணையத்தில் வரட்டும். யார் பெயரில் எத்தனை வாக்குகள் உள்ளன, இறந்தவர் பெயரில் யாராவது பங்கு வைத்திருக்கிறார்களா என்று பார்க்க அங்கத்தினர் பதிவேடு சங்க அலுவலகத்தில் எந்த அங்கத்தினருக்கும் திறந்திருக்கட்டும். வந்து பார்ப்பவர் கையெழுத்திட்டுப் பார்க்கட்டும். பார்த்தவரின் முகம் தெரிந்த பழைய நாளின் நன்மை அதில் மீண்டும் கிடைக்கும். 2019-20-இல் நடந்த நான்காவது அகில இந்தியக் கைத்தறிக் கணக்கெடுப்பின் அறிக்கை, நாட்டில் 35.22 லட்சம் கைத்தறித் தொழிலாளர் உளர் என்று சொல்கிறது. எந்தத் தெருவில் எந்த வீட்டில் என்று சொல்லவில்லை. அதனால் அவ்வறிக்கையின் பயன் ஒரு துளியும் குறைந்துவிடவில்லை.

கைபேசி எண்ணோ, வீட்டு முகவரியோ, கடன் பாக்கியோ இணையத்தில் வரலாகாது. விற்பனைக்காக அழைக்கப்பட விரும்பும் நெசவாளர், வங்கிக் கணக்கோடு இணைக்காத ஓர் எண்ணைத் தாமே எழுதிக் கொடுத்தால் அதை மட்டும் வெளியிடலாம். அன்றேல் சங்கத்தின் எண்ணையே போட்டு, வரும் ஆர்டரை முறை வைத்துப் பிரித்துத் தரலாம். காரியதரிசிக்கு வேலை கூடும். கூடட்டும்.

இவை தவிர, தீர்மானத்தில் இல்லாத ஒன்றைச் சேர்க்குமாறு நான் கேட்கப்போகிறேன். சந்தை நாள்தோறும் காலை இரண்டு மணி நேரம் நமது கணினி எழுத்தர் வேறு வேலை எதுவும் பாராமல், வருகிற அங்கத்தினருக்கு அவரவர் பட்டாவையும் வில்லங்கத்தையும் வாக்காளர் பட்டியலில் அவரவர் பெயரையும் திட்டப் பட்டியலையும் திறந்து, சத்தமாகப் படித்துக் காட்ட வேண்டும். பட்டாவில் பிழை இருந்தால் வருவாய் அலுவலகத்துக்கு மனு எழுதித் தர வேண்டும். 1975-க்கு முந்தைய பத்திரம் உடையவர்கள் அதன் நகலைச் சங்கத்தில் காட்டி, பழைய வில்லங்கத்துக்கு மனுப் போட வழி கேட்க வேண்டும். இதற்குப் பெரிய செலவு ஒன்றும் இல்லை. தரகர் பதினோரு மாதங்களுக்கு முன் செய்த வேலையை நாம் நமக்காகச் செய்துகொள்கிறோம், அவ்வளவே.

அந்தப் பெரியவரைச் சென்ற வாரம் பார்த்தேன். வாய்தா அடுத்த மாதத்துக்குப் போயிருக்கிறது. எழுபத்திரண்டு சென்ட் மூலையிலும் இவ்வாண்டு மஞ்சளே நட்டிருக்கிறார். நட வேண்டாம் என்று வக்கீல் சொன்னாராம், கேட்கவில்லை.

மகாசபை நாளன்று எழுத்தர் காலை ஒன்பது மணிக்கே வந்துவிடுவதாகச் சொல்லியிருக்கிறார். வரும் அங்கத்தினர்கள் தத்தம் புல எண்ணையும் உட்பிரிவு எண்ணையும், பட்டா எண் தெரிந்தால் அதையும், ஒரு சிறு சீட்டில் எழுதிக் கொண்டு வருவார்களாக. நிலம் இல்லாத நெசவாளர்கள் வீட்டு மனையின் நத்தம் பட்டா எண்ணைக் கொண்டு வரலாம்.